வாயை மூடத் தெரிந்த வர்ணனையாளர்

ஐபிஎல் சீசன் வந்துவிட்டால் எங்கள் வீட்டு ரிமோட்டில் அதிகம் அடி வாங்குவது மியூட் பொத்தான்தான். பந்து வீசுவதற்கு முன்னால் ஒரு ஜோக், வீசும்போது ஒரு கத்தல், வீசி முடித்ததும் அந்தக் கத்தலுக்கு இன்னொருவரின் பதில் கத்தல். நடுவில் ஏதோ ஒரு பானத்தின் பெயர், ஒரு செயலியின் பெயர். ஸ்டம்ப் எகிறி விழுவதைக் கண்ணால் பார்த்துக்கொண்டிருக்கிற நமக்கே "ஸ்டம்ப் போச்சு, ஸ்டம்ப் போச்சு" என்று நாலு தடவை சொல்கிறார்கள். தெரியுதய்யா, எங்களுக்கும் கண் இருக்கிறது.

இந்த எரிச்சல் வரும்போதெல்லாம் எனக்கு ரிச்சி பெனோ ஞாபகம் வந்துவிடும். இன்றைய பிள்ளைகளுக்கு இந்தப் பெயர் அவ்வளவாகத் தெரிந்திருக்காது. வெள்ளித்தலை, க்ரீம் நிறக் கோட்டு, கீழுதட்டை லேசாகப் பிதுக்கிக்கொண்டு நிதானமாகப் பேசும் ஆஸ்திரேலியர் என்றால் என் வயதுக்காரர்களுக்குச் சட்டென்று பிடிபடும். ஆஸ்திரேலியாவின் முன்னாள் கேப்டன், நல்ல லெக் ஸ்பின்னர். ஆனால் உலகத்தில் பெரும்பாலானவர்களுக்கு அவர் ஒரு குரலாகத்தான் அறிமுகம். 1963ல் பிபிசி தொலைக்காட்சியில் தொடங்கி 2013 வரை, ஏறக்குறைய அரை நூற்றாண்டு அந்தக் குரல் ஒலித்தது. அவ்வளவு காலம் ஓடியதற்குக் காரணம் அவர் அதைக் கொஞ்சமாகச் செலவழித்ததுதான் என்பது என் கட்சி.

ஓல்ட் டிராஃபோர்ட், 1993 ஜூன் 4. இங்கிலாந்து மண்ணில் ஆஷஸ் தொடரில் ஷேன் வார்ன் வீசும் முதல் பந்து. எதிரில் மைக் கேட்டிங், சுழலை ஆடுவதில் பழம் தின்று கொட்டை போட்டவர். பந்து காற்றிலேயே லெக் பக்கம் நகர்ந்து, லெக் ஸ்டம்புக்கு வெளியே குத்தி, மட்டையைத் தாண்டித் திரும்பி, ஆஃப் ஸ்டம்பின் உச்சியைத் தட்டிவிட்டுப் போனது. பிபிசி பெட்டியில் மைக் பெனோ கையில் இருந்தது. அவர் சொன்னதன் சாரம் இவ்வளவுதான்: செய்துவிட்டார், மிக அழகான பந்தோடு தொடங்கியிருக்கிறார், கேட்டிங்குக்கு என்ன நடந்ததென்றே புரியவில்லை. பிறகு ஓர் இடைவெளி. கேட்டிங் ஆடுகளத்தையே வெறித்துப் பார்க்கிறார், அம்பயரைப் பார்க்கிறார், வேறு வழியில்லாமல் நடக்கத் தொடங்குகிறார். அப்போது பெனோ ஒரே ஒரு துண்டு வாக்கியத்தைச் சேர்த்தார்: இன்னமும் தெரியவில்லை.

இதில் அவர் சொல்லாமல் விட்டவற்றைக் கவனியுங்கள். பந்து எத்தனை அங்குலம் திரும்பியது என்று சொல்லவில்லை. அதை ரீப்ளே காட்டிவிடும். நூற்றாண்டின் சிறந்த பந்து என்று சொல்லவில்லை. அந்தப் பட்டத்தைப் பத்திரிகைகள் பிறகு சாவகாசமாகச் சூட்டின. படத்தில் இல்லாத ஒன்றே ஒன்று கேட்டிங்கின் மண்டைக்குள் ஓடிக்கொண்டிருந்தது. பெனோ வாயைத் திறந்தது அதற்கு மட்டும்தான்.

இதே மைதானத்தில் 1961ல் பெனோ வீசிய ஸ்பெல் ஒன்று உண்டு. இங்கிலாந்து வெற்றிக்கு 256 வேண்டும். ஒரு விக்கெட்டுக்கு 150 எடுத்துக் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தது. தோள் வலியோடு இருந்த கேப்டன் பெனோ, ரவுண்ட் த விக்கெட்டிலிருந்து, எதிரணி வேகப்பந்து வீச்சாளர்களின் காலடி பட்டுப் பெயர்ந்த கரடில் பந்தைக் குத்த ஆரம்பித்தார். அந்தக் காலத்தில் லெக் ஸ்பின்னர் அப்படி வீசுவதே விசித்திரம். பீட்டர் மே ரன் எடுக்காமல் கால்களுக்குப் பின்னால் போல்டானார். 6 விக்கெட்டுக்கு 70 ரன், இங்கிலாந்து 201 ஆல் அவுட். அந்த ஆஷஸ் அங்கேயே ஆஸ்திரேலியாவிடம் தங்கிவிட்டது. இப்படியொரு சரக்கு கையில் உள்ள ஆள், வர்ணனைப் பெட்டியில் தன் பழங்கதையை இழுப்பது மிக அபூர்வம். "எங்க காலத்துல" என்று ஆரம்பிக்காத முன்னாள் ஆட்டக்காரரை நீங்கள் கடைசியாக எப்போது கேட்டீர்கள்?

பெனோ இந்தத் தொழிலுக்கு வந்த வழிதான் எனக்கு இன்னும் சுவாரஸ்யம்.

1956ல் ஆஸ்திரேலிய அணி இங்கிலாந்தில் ஆஷஸ் தொடரைத் தோற்றது. சர்ரேயின் ஜிம் லேக்கர் ஒரே டெஸ்டில் 19 விக்கெட் எடுத்தாரே, அந்தத் தொடர்தான். தொடர் முடிந்ததும் மற்றவர்கள் ஐரோப்பாவைச் சுற்றிப் பார்க்கக் கிளம்பினார்கள். 25 வயது பெனோ லண்டனிலேயே தங்கி, பிபிசியில் மூன்று வாரத் தொலைக்காட்சிப் பயிற்சியில் சேர்ந்தார். அணியில் அவர் இடமே அப்போது உறுதியானது என்று சொல்ல முடியாது, கேப்டன் பதவியெல்லாம் கனவில்கூட இல்லை. ஆஸ்திரேலியாவில் தொலைக்காட்சி அந்த ஆண்டுதான் பிறக்கிறது. இல்லாத ஒரு தொழிலுக்கு ஓர் ஆட்டக்காரர் சொந்த விருப்பத்தில் போய்ப் பாடம் படித்தார் என்பதை இன்று நினைத்தாலும் ஆச்சரியமாக இருக்கிறது.

அந்த நாட்களில் அவர் கூர்ந்து கவனித்தவர்களில் முக்கியமானவர்கள் மூவர். குதிரைப் பந்தயத்துக்கு பீட்டர் ஓசல்லிவன், டென்னிஸுக்கு டான் மாஸ்கெல், கோல்ஃபுக்கு ஹென்றி லாங்ஹர்ஸ்ட். மூவரில் ஒருவர்கூட கிரிக்கெட்காரர் இல்லை. குதிரைப் பந்தயத்தில் சில நிமிடங்களுக்குள் அத்தனை குதிரைகளையும் ஜாக்கிச் சட்டை நிறத்தை வைத்து அடையாளம் கண்டு சொல்ல வேண்டும்; வீட்டுப்பாடம் செய்யாமல் வந்தால் மானம் போய்விடும். டென்னிஸில் பந்து ஆட்டத்தில் இருக்கும்போது மூச்சு விடக்கூடாது. கோல்ஃபில் ஒருவர் பச்சைப் புல்லில் குனிந்து நிற்பதை ஒரு நிமிடம் காட்டுவார்கள், லாங்ஹர்ஸ்ட் அந்த ஒரு நிமிடமும் சும்மா இருப்பார். மௌனத்தை லாங்ஹர்ஸ்டிடம்தான் கற்றதாக பெனோ பிற்பாடு பலமுறை சொல்லியிருக்கிறார்.

நம் ஊர்த் தொடர்பு ஒன்று இங்கே வருகிறது. பயிற்சி முடித்துக் கிளம்பியவர் நாடு திரும்பும் வழியில் அணியோடு பாகிஸ்தானுக்கும் இந்தியாவுக்கும் வந்தார். 1956 அக்டோபரில் மெட்ராஸ் டெஸ்ட். சேப்பாக்கத்தில் இல்லை, சென்ட்ரல் ஸ்டேஷன் பக்கத்தில், இன்றைய நேரு ஸ்டேடியம் இருக்கும் இடத்தில் இருந்த கார்ப்பரேஷன் ஸ்டேடியத்தில். முதல் இன்னிங்ஸில் பெனோ 72 ரன்னுக்கு 7 விக்கெட். அவருடைய 63 டெஸ்டுகளிலும் இதற்கு மேல் ஓர் இன்னிங்ஸில் எடுத்ததே இல்லை. ஆஸ்திரேலியா இன்னிங்ஸ் மற்றும் 5 ரன்னில் ஜெயித்தது. ஒரு மாதத்துக்குள் பிபிசியில் மைக் பிடிக்கப் பழகியவர், பெரியமேட்டுப் பக்கம் வந்து நம் ஆட்களைச் சுருட்டிவிட்டுப் போனார். 1960 ஜனவரியில் கேப்டனாகத் திரும்பி வந்து, அதே மைதானத்தில் மறுபடியும் இன்னிங்ஸ் வெற்றி. மெட்ராஸ் அவருக்கு ராசியான ஊர்.

நாடு திரும்பியதும் அடுத்த காரியத்தைச் செய்தார். சிட்னியின் 'தி சன்' மாலைப் பத்திரிகையில் அவர் கணக்குப் பிரிவில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். ஆசிரியர் குழுவுக்கு மாற்றம் கேட்டார். வாங்கியது கிரிக்கெட் பத்தி இல்லை, போலீஸ் செய்தி. திருட்டு, வெட்டுக்குத்து, நீதிமன்றம் என்று அலைகிற பீட். மாலைப் பத்திரிகையில் நேரத்துக்குள் எழுத வேண்டும், சுருக்கமாக எழுத வேண்டும், தெரிந்ததை மட்டும் எழுத வேண்டும். ஒரு சொல் கூடினாலும் டெஸ்கில் உட்கார்ந்திருப்பவர் வெட்டிவிடுவார். பெனோவின் வர்ணனையில் நான் கேட்பது அந்தப் போலீஸ் நிருபரைத்தான்: யார், என்ன, எப்படி, மீதியைப் பார்ப்பவர் பார்த்துக்கொள்வார்.

கேப்டனானதும் அந்தப் பத்திரிகைக்காரப் புத்தி வேறு மாதிரி வேலை செய்தது. அன்றைய ஆட்டம் முடிந்ததும் நிருபர்களை உட்கார வைத்துப் பேசும் பழக்கத்தைக் கொண்டுவந்தார். அதுவரை கேப்டன்கள் பத்திரிகைக்காரர்களைக் கண்டால் ஒதுங்கிப் போவார்கள். இன்று கட்டாயமாகிவிட்ட தினசரிப் பேட்டிக்குப் பிள்ளையார் சுழி போட்டவர்களில் அவர் முக்கியமானவர். கேப்டன் கணக்கைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்: 28 டெஸ்ட், ஒரு தொடரிலும் தோல்வி இல்லை. 200 விக்கெட், 2000 ரன் இரண்டையும் டெஸ்டில் முதலில் எட்டியவரும் அவரே. 1960 டிசம்பரில் பிரிஸ்பேனில் வெஸ்ட் இண்டீஸோடு நடந்த முதல் 'டை' டெஸ்டில் அவர்தான் கேப்டன். எட்டுப் பந்து கொண்ட கடைசி ஓவரில் ஆறு ரன் தேவை என்ற நிலையில், வெஸ் ஹாலின் இரண்டாவது பந்தை ஹூக் செய்யப்போய் அவுட்டானவரும் அவர்தான். அடுத்த 'டை' வர 26 வருடம் ஆனது. அது நடந்தது நம் சேப்பாக்கத்தில்.

1964ல் ஆட்டத்தை விட்டார். அதற்கு முன்பே 1960ல் பிபிசி வானொலியிலும் 1963ல் தொலைக்காட்சியிலும் பேசியாகிவிட்டது. அதன் பிறகு வருடத்தில் பாதி இங்கிலாந்துக் கோடை, மறுபாதி ஆஸ்திரேலியக் கோடை. மனைவி டாஃப்னியும் கூடவே பயணம்; அவரும் இங்கிலாந்து கிரிக்கெட் எழுத்தாளர் ஈ.டபிள்யூ. ஸ்வான்டனிடம் வேலை பார்த்தவர்தான். பெயரை மட்டும் கொடுத்துவிட்டு வேறு ஒருவரை எழுதவிடும் நட்சத்திரக் கட்டுரையாளர் இல்லை பெனோ. தன் பத்திகளைத் தானே தட்டச்சு செய்தார்.

அவரிடம் அறிவுரை கேட்பவர்களுக்கு அவர் சொன்ன சில விதிகள் கிரிக்கெட் உலகில் பிரசித்தம். எனக்குப் பிடித்தவற்றை என் மொழியில் சொல்கிறேன். முதலில் மூளையை கியரில் போடு. திரையில் தெரிவதற்கு மேல் ஏதாவது சேர்க்க முடியுமானால் பேசு, இல்லையென்றால் சும்மா இரு. உலகத்தில் 'நாம்' என்று ஒரு அணியும் கிடையாது, 'அவர்கள்' என்று ஒரு அணியும் கிடையாது. டைட்டானிக் மூழ்கியது துயரம், எத்தியோப்பியாவில் வந்த வறட்சி பேரழிவு, கை நழுவிய கேட்சுக்கு இந்த வார்த்தைகளைப் போடாதே.

இந்த 'நாம்' விஷயத்தில்தான் நம் ஆட்கள் முழுக்கக் கோட்டை விடுகிறார்கள். தமிழ், இந்தி, ஆங்கிலம் என்று எந்த மொழியில் கேட்டாலும் சரி. "நாம இன்னும் ரெண்டு விக்கெட் எடுத்தா போதும்" என்று மைக்கைப் பிடித்திருப்பவர் சொன்னால், பெவிலியனில் உட்கார்ந்திருக்கும் ரசிகருக்கும் அவருக்கும் என்ன வித்தியாசம்? ரசிகர் டிக்கெட் எடுத்திருக்கிறார், அவ்வளவுதான். பெனோ ஆஸ்திரேலியக் கேப்டனாக இருந்தவர். ஆஷஸ் பார்க்கும்போது அவர் உள்ளுக்குள் எந்தப் பக்கம் என்று ஊருக்கே தெரியும். ஆனால் குரலைக் கேட்டு யாராலும் கண்டுபிடிக்க முடியாது.

வானொலி வேறு என்பதையும் சொல்லிவிட வேண்டும். வானொலியில் பேசாவிட்டால் ஆட்டமே இல்லை. சாத்தான்குளம் அப்துல் ஜப்பார் போன்றவர்கள் தமிழில் வர்ணித்ததைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு அது புரியும். பந்து எங்கே குத்தியது, யார் ஓடுகிறார், எறிந்த பந்து எந்தப் பக்கம் போனது என்று எல்லாவற்றையும் சொல்லால் கட்டி எழுப்ப வேண்டும். தொலைக்காட்சி வந்தபோது வர்ணனையாளர்களில் பெரும்பாலோர் அதே வேலையை அப்படியே தூக்கிக்கொண்டு வந்துவிட்டார்கள். படம் தானாகச் சொல்கிற இடத்தில் எதற்கு இன்னொரு வாய் என்பதை ஆரம்பத்திலேயே கண்டுகொண்டவர்கள் மிகச் சிலர். பெனோ மைதானத்தைப் பார்த்துக்கூடப் பேசமாட்டார், எதிரில் இருக்கும் மானிட்டரைப் பார்த்துத்தான் பேசுவார். வீட்டில் இருப்பவருக்குத் தெரிவது அந்தப் படம்தானே.

1977க்கு வருவோம். அவர் வாழ்க்கையில் சர்ச்சைக்குரிய அத்தியாயம் இதுதான்.

ஆஸ்திரேலிய டெஸ்டுகளின் ஒளிபரப்பு உரிமை தன் சேனல் நைனுக்குக் கிடைக்கவில்லை என்ற கோபத்தில், கெர்ரி பாக்கர் உலகின் பெரிய ஆட்டக்காரர்களை ரகசியமாக ஒப்பந்தம் செய்து 'வேர்ல்ட் சீரிஸ் கிரிக்கெட்' என்று தனியாகக் கடை விரித்தார். அதற்கு ஆலோசகராக பெனோ போனார், மனைவியோடு சேர்ந்து. கிரிக்கெட் வாரியக்காரர்களுக்கு இது துரோகம். கனவான்களின் ஆட்டத்துக்குக் கேப்டனாக இருந்தவர், ஒரு சேனல் முதலாளியின் சம்பளக்காரராகிவிட்டாரே என்று பழைய நண்பர்கள் பலர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

எனக்கு இதில் இரண்டு மனசு. ஆட்டக்காரர்களுக்கு அன்று வாரியம் கொடுத்தது பிச்சைக்காசு; மைதானம் நிரம்பி வழியும், ஆடுபவன் அடுத்த மாத வாடகையை நினைத்துக்கொண்டு அலுவலகத்தில் லீவு கேட்டு நிற்பான். அந்த நிலைமையை உடைத்ததில் பாக்கருக்கு உள்ள பங்கை மறுக்க முடியாது. அந்தப் பக்கம் நின்றதற்காக பெனோவை நான் குறை சொல்லமாட்டேன். ஆனால் ஒரு பத்திரிகைக்காரராக, தான் ஆலோசனை சொல்லி உருவாக்கிய ஆட்டத்தையே தான் விமர்சிக்கும் இடத்தில் அவர் போய் உட்கார்ந்தது சரியா என்றால், சரி இல்லை. இன்று ஒளிபரப்பும் வாரியமும் அணி முதலாளிகளும் ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிடுகிறார்களே, அதற்கான இலை அன்றுதான் போடப்பட்டது.

பார்வையாளருக்குக் கிடைத்தது என்னவோ லாபம்தான். அதுவரை ஆஸ்திரேலிய ஒளிபரப்பில் பிரதான கேமரா மைதானத்தின் ஒரு முனையில்தான். ஒரு ஓவர் முழுக்க பேட்ஸ்மேனின் முதுகைத்தான் பார்க்க வேண்டும். சேனல் நைன் இரண்டு முனையிலும் கேமரா வைத்தது. மின்விளக்கில் வெள்ளைப் பந்து, வண்ணச் சட்டை, ஸ்டம்புக்குள் மைக், டக் அவுட்டானால் அழுதுகொண்டு போகும் கார்ட்டூன் வாத்து எல்லாமே அந்தக் கூடாரத்திலிருந்து வந்தவை. இவ்வளவு கலாட்டாவுக்கும் நடுவில் க்ரீம் கோட்டு போட்ட இந்த மனிதர் 'மார்னிங் எவ்ரிஒன்' என்று ஆரம்பித்தால், திருவிழாக் கூட்டத்துக்குள் தாத்தா ஒருவர் வந்து உட்கார்ந்த மாதிரி எல்லாம் ஒரு ஒழுங்குக்கு வந்துவிடும்.

சம்பளம் கொடுக்கும் இடத்துக்காக அவர் நாக்கு வளைந்ததா என்றால், 1981 பிப்ரவரி 1ஆம் தேதியைச் சொல்லலாம். மெல்போர்னில் ஆஸ்திரேலியா–நியூசிலாந்து இறுதிப் போட்டித் தொடரின் மூன்றாவது ஆட்டம். கடைசிப் பந்தில் ஆறு அடித்தால் நியூசிலாந்து ஆட்டத்தை டை செய்யலாம். கேப்டன் கிரெக் சேப்பல் தன் தம்பி ட்ரெவரிடம் பந்தைத் தரையோடு உருட்டிவிடச் சொன்னார். விதிப்படி அப்போது அது தவறில்லை. எதிரில் நின்ற பிரையன் மெக்கெக்னி பந்தைத் தடுத்துவிட்டு மட்டையைத் தூக்கி எறிந்தார். பாக்கர் கூடாரத்தின் பெரிய நட்சத்திரங்களில் ஒருவர் கிரெக். வர்ணனைக் குழுவில் இருந்தவர் அவருடைய சொந்த அண்ணன் இயன். ஆட்டம் முடிந்து நிகழ்ச்சியைக் கட்டிப்போடும்போது பெனோ கேமராவைப் பார்த்து, இது வெட்கக்கேடு, இனி ஒருபோதும் நடக்க விடக்கூடாது, கிரிக்கெட் மைதானத்தில் தான் பார்த்தவற்றிலேயே மிக மோசமான செயல்களில் ஒன்று என்று சொன்னார். குரல் உயரவில்லை. முகமும் மாறவில்லை. வாழ்நாள் முழுக்கப் பெரிய வார்த்தைகளைச் சேமித்து வைத்திருந்தவர் ஒருநாள் அதைச் செலவழித்தால் எப்படி இருக்குமோ, அப்படி இருந்தது. தினமும் நாலு சிக்ஸருக்கு 'நம்பவே முடியவில்லை' என்று சொல்கிறவருக்கு, உண்மையிலேயே நம்ப முடியாதது நடக்கும் நாளில் சொல்ல என்ன மிச்சம் இருக்கும்?

நம் பக்கத்தில் அந்தக் குரல் பரவலாக வந்தது 1985க்குப் பிறகு என்று நினைக்கிறேன். மெல்போர்னில் இந்தியா ஜெயித்து ரவி சாஸ்திரி ஆடி கார் வாங்கிய தொடரை தூர்தர்ஷன் காட்டியது. பிறகு கேபிள் வந்தது, டிசம்பர் ஜனவரி மாதங்களில் ஆஸ்திரேலிய டெஸ்ட் நம் வீட்டுக் கூடத்துக்கே வந்தது. மெல்போர்ன் டெஸ்ட் தொடங்கும்போது நமக்கு விடிகாலை ஐந்து மணி. மார்கழி. தெருக்கோடிக் கோயில் ஸ்பீக்கரில் பாவைப் பாட்டு. வாசலில் அம்மா கோலத்துக்குச் செம்மண் இட்டுக்கொண்டிருப்பார். உள்ளே போர்வையைச் சுற்றிக்கொண்டு, வீட்டில் தூங்குகிறவர்கள் எழுந்துவிடக் கூடாது என்று சத்தத்தை ஒரு கட்டைக்கு இறக்கி வைத்துக்கொண்டு நான். அவரோடு பெட்டியில் இருந்த டோனி கிரெய்கும் பில் லாரியும் கத்தினால் அந்த ஒரு கட்டையே அதிகம். பெனோ வந்தால் கொஞ்சம் ஏற்றி வைப்பேன். அவர் ஆங்கிலம் எங்களைப் போன்ற தமிழ் மீடியம் பையன்களுக்கும் புரிந்தது என்பது இன்னொரு காரணம். சின்னச் சின்ன வாக்கியம், நடுவில் யோசிக்க இடம்.

லாரியைச் சும்மா விட்டுவிடவும் முடியாது. அவர் கத்தல் உண்மையான கத்தல், சின்னப் பையனின் உற்சாகம். பெனோவின் அமைதி எடுபட்டதற்குப் பக்கத்தில் லாரி இருந்ததும் ஒரு காரணம். எல்லாரும் பெனோ மாதிரியே இருந்திருந்தால் பாதிப் பேர் தூங்கியிருப்பார்கள்.

ஆஸ்திரேலியாவில் அவரைக் கிண்டல் செய்வது ஒரு தொழிலாகவே நடந்தது. பில்லி பர்மிங்ஹாம் என்ற நகைச்சுவையாளர் 'தி ட்வெல்த் மேன்' என்ற பெயரில் பெனோ குரலை மிமிக்ரி செய்து வெளியிட்ட ஆல்பங்கள் சக்கைப்போடு போட்டன. பெனோ 'டூ' என்ற எண்ணை உச்சரிக்கும் விதம் அதில் பிரதான நகைச்சுவை. 2 விக்கெட்டுக்கு 222 என்று ஸ்கோர் வந்தால் ஆஸ்திரேலிய ரசிகர்கள் இன்றும் குதூகலிப்பது அதனால்தான். சிட்னி டெஸ்டின் இரண்டாம் நாளில் நூற்றுக்கணக்கானவர்கள் வெள்ளி விக்கும் க்ரீம் கோட்டும் மாட்டிக்கொண்டு, கையில் போலி மைக்கோடு வந்து உட்காருகிறார்கள். சத்தமே போடாத ஒரு மனிதருக்கு இப்படி ஒரு ரசிகர் மன்றம்.

2005க்கு வருகிறேன், ஏனென்றால் அவர் கலையின் உச்சம் எனக்கு அந்த வருடம்தான். வயது 74. ஆகஸ்ட் 7, எட்ஜ்பாஸ்டன். ஆஸ்திரேலியாவின் கடைசி ஜோடி ஆடுகிறது, இன்னும் மூன்று ரன் எடுத்தால் வெற்றி. ஸ்டீவ் ஹார்மிசன் வீசிய பந்து காஸ்ப்ரோவிச்சின் கையுறையில் பட்டு லெக் பக்கம் போகிறது, விக்கெட் கீப்பர் ஜெரைன்ட் ஜோன்ஸ் பாய்ந்து பிடிக்கிறார். பெனோ சேனல் ஃபோரில் சொன்ன முதல் சொல் ஜோன்ஸ். இரண்டாவது சொல் பௌடன், அதாவது அம்பயர். அப்புறம்தான் காஸ்ப்ரோவிச் அவுட், ஹார்மிசன் சாதித்துவிட்டார் என்பது. வரிசையைப் பாருங்கள். முதலில் பந்து போன இடம், அடுத்து பார்க்கிறவர் கண் போகவேண்டிய இடம், அதாவது அம்பயரின் விரல், பிறகு முடிவு. இரண்டு வினாடிக்குள் இரண்டு பெயரை மட்டும் சொல்லி நம் கண்ணை ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குக் கைபிடித்துக் கூட்டிப்போகிறார். இரண்டு ரன்னில் ஆஷஸ் வரலாற்றின் மிக நெருக்கமான வெற்றி. அதை அவர் கத்தாமல் சொன்னார் என்பது இல்லை, குரலில் ஒரு துடிப்பு இருந்தது. ஆனால் ஒரு வார்த்தைகூட உபரி இல்லை.

செப்டம்பர் 12, ஓவல். இங்கிலாந்தில் அவர் வர்ணிக்கும் கடைசி நாள். அடுத்த ஆண்டிலிருந்து இங்கிலாந்தின் டெஸ்டுகள் கட்டணச் சேனலுக்குப் போகின்றன. காசு கட்டாதவரும் கிரிக்கெட் பார்க்க வேண்டும் என்பது பெனோவின் கொள்கை. அதனால் கூடவே போக மறுத்துவிட்டார். பாக்கரோடு போனவருக்கு இதென்ன திடீர் கொள்கை என்று கேட்கலாம். சேனல் நைனும் ஆண்டெனா வைத்தால் எல்லாருக்கும் வரும் சேனல்தான், ஆகவே முரண் ஏதுமில்லை. 42 வருடம் வீட்டுக்குள் அழைத்ததற்கு நன்றி என்கிற தோரணையில் விடைபெற்றுப் பேசிக்கொண்டிருந்தார். நடுவில் கிளென் மெக்ரா வீசிய பந்தில் 158 எடுத்திருந்த கெவின் பீட்டர்சன் போல்ட். பெனோ தன் விடைபெறலை அப்படியே பாதியில் நிறுத்தி, விக்கெட்டைச் சொல்லி, பீட்டர்சனின் இன்னிங்ஸைப் பாராட்டி, பிறகுதான் தன் வாக்கியத்துக்குத் திரும்பினார். நாமாக இருந்தால் கண்ணைத் துடைத்துக்கொண்டு விக்கெட்டைத் தவற விட்டிருப்போம்.

ஆஸ்திரேலியாவில் சேனல் நைனுக்காக இன்னும் சில வருடம் பேசினார். உண்மையைச் சொன்னால் அந்தக் கடைசி வருடங்களில் பெட்டிக்குள் அவரைச் சுற்றி இருந்தவர்கள் கூடிக் கும்மாளம் அடிக்கும் நண்பர் குழாமாக மாறியிருந்தார்கள். இவர் நடுவில் விருந்தினர் மாதிரி உட்கார்ந்திருந்தார். 2013 அக்டோபரில் தன் 1963 மாடல் சன்பீம் ஆல்பைன் காரை ஓட்டிப்போய்ச் சுவரில் மோதிக்கொண்டார், மார்பெலும்பு முறிந்தது. அதன்பின் பெட்டிக்குத் திரும்ப முடியவில்லை. ஒரு வருடம் கழித்துத் தோல் புற்றுநோய் என்று அவரே அறிவித்தார். இளம் வயதில் தொப்பி போடாமல் வெயிலில் ஆடியதைச் சொல்லி, இந்தக் காலத்துப் பிள்ளைகளாவது தொப்பி போடுங்கள் என்றார். 2015 ஏப்ரல் 10 அன்று சிட்னியில் காலமானார், வயது 84. அரசு மரியாதையோடு இறுதிச் சடங்கு நடத்துவதாக அன்றைய பிரதமர் டோனி அபோட் சொன்னார். குடும்பம் நன்றி சொல்லி மறுத்துவிட்டது.

தமிழில் வர்ணனை செய்யும் தம்பிகள் யாராவது இதைப் படித்தால் ஒரு விண்ணப்பம். உங்கள் தமிழ் நன்றாக இருக்கிறது, ஆட்ட அறிவும் இருக்கிறது, குறையே சொல்லமாட்டேன். அடுத்த மேட்சில் ஒரே ஒரு ஓவருக்கு மட்டும், பந்து கையை விட்டுக் கிளம்பியதிலிருந்து கீப்பரிடம் போய்ச் சேரும் வரை பேசாமல் இருந்து பாருங்கள். மைதானச் சத்தம் எங்களுக்குக் கேட்கட்டும். விக்கெட் விழுந்தால் தாராளமாகக் கத்துங்கள், மியூட் பொத்தானைத் தொடமாட்டேன் என்று வாக்குக் கொடுக்கிறேன்.